நெய்வேலிக்கு ஒரு தலை கொண்டுபோனேன்

"பெட்டியில என்னங்க இருக்குது?" என்று பேருந்தில் பக்கத்து இருக்கை அம்மாள் மூன்றாவது முறையாகக் கேட்டார். இனி மறைத்துப் பயனில்லை என்று, "தலைங்க" என்றேன்.

அவர் ஒரு சாண் தள்ளி உட்கார்ந்தார். பிறகு ஆவல் தாங்காமல் இரண்டு சாண் நெருங்கி வந்தார். மூடியைத் திறந்து காட்டினேன். சாம்பல் கலந்த பச்சை நிறம், மூன்று கண்கள், காது இருக்க வேண்டிய இடத்தில் மீனைப் போலச் செவுள்.

"சாமி தலையா?"

"இல்லைங்க, சினிமாவுக்கு. வேற்றுக்கிரகத்து ஆள்."

"அதான பாத்தன், நம்ம பக்கத்து மூஞ்சியா தெரியலியேன்னு" என்று சொல்லிவிட்டு, பையிலிருந்து ஒரு பிடி வறுத்த முந்திரியை எடுத்து என் கையில் வைத்தார். பண்ருட்டியில் இறங்கும்போது தலையைப் பார்த்து ஒரு கும்பிடும் போட்டார். எதற்கும் இருக்கட்டும் என்று நினைத்திருப்பார்.

நான் மலேசியாவில், ஈப்போ நகரத்தில், ஒரு பல் மருத்துவமனையின் முகப்பில் உட்கார்ந்து டோக்கன் கொடுப்பவள். வேலைக்கு நடுவே கைப்பேசியில் குறும்படம் பார்க்கும் கெட்ட பழக்கம் உண்டு. அப்படித்தான் நெய்வேலியிலிருந்து ஒரு சின்னக் குழு எடுத்து ஏற்றிக்கொண்டிருந்த படங்கள் கண்ணில் பட்டன. எல்லாம் அறிவியல் புனைவு, எல்லாம் நக்கல். அவர்கள் முழுநீளப் படம் எடுக்கப்போவதாக அறிவித்து ரசிகர்களிடம் பண உதவி கேட்டபோது நானும் கொஞ்சம் கொடுத்தேன். எங்களைப் போன்றவர்களின் பெயர்கள் படத்தின் முடிவில் 'தற்காலிகப் பணியாளர்கள்' என்ற தலைப்பின் கீழ் வரும் என்று பதில் வந்தது. அந்த ஒரு வரிக்காகவே இன்னும் கொடுத்திருக்கலாம்.

கதை இதுதான். பூமியைப் பிடிக்கலாமா வேண்டாமா என்று உளவு பார்க்க ஒருவன் வேற்றுக்கிரகத்திலிருந்து வந்து நெய்வேலியை ஒட்டிய மந்தாரக்குப்பத்தில் இறங்குகிறான். தங்க அறை கிடைக்க முகவரிச் சான்று வேண்டும், முகவரிச் சான்று கிடைக்க அறை வேண்டும். அலைந்து திரிந்து, கடைசியில் ஒப்பந்தத் தொழிலாளியாகச் சேர்கிறான். மேலிடத்திலிருந்து, "எப்போது தாக்குவது?" என்று கேட்டுக்கொண்டே இருக்கிறார்கள். அவனும், "பர்மனென்ட் ஆனதும் சொல்கிறேன்" என்று ஏழு வருடம் பதில் அனுப்பிக்கொண்டே இருக்கிறான்.

படத்தில் அவன் மாட்டியிருந்த அட்டைத் தலை மழையில் நைந்துபோய்விட்டது. கடைசிக் காட்சி மட்டும் பாக்கி. ஈப்போவில் லிம் என்றொரு நண்பர் சீனர்களின் சிங்க நடனத்துக்குத் தலை செய்பவர், என் வற்புறுத்தலில் இந்தப் படங்களைப் பார்த்து ரசிகரானவர். அவர் ரப்பரும் துணியும் ஒட்டி, கழுத்தில் பிரம்பு வளையம் வைத்து ஒரு தலை செய்து கொடுத்தார். எனக்குச் சென்னையில் உறவினர் கல்யாணம் இருந்தது. கல்யாணத்துக்குப் பட்டுப்புடவை ஒன்று, படத்துக்குத் தலை ஒன்று என்று கிளம்பிவிட்டேன்.

வெள்ளிக்கிழமை மதியம் இறங்கியபோது வெயில் மண்டையைப் பிளந்தது. படத்தின் இயக்குநர் கலைமதி ஸ்கூட்டரோடு காத்திருந்தாள். முப்பத்திரண்டு வயது, பள்ளிப் பிள்ளைகளுக்குக் கணக்கு டியூஷன் எடுப்பவள். அப்பா நிலக்கரிச் சுரங்கத்தில் வேலையில் இருப்பதால் குடும்பம் சுரங்க நிறுவனத்தின் நகரியத்துக் குவார்ட்டர்ஸில் இருக்கிறது.

"பசியாறியாச்சா?" என்றேன், மரியாதைக்கு.

அவள் விழித்தாள். எங்கள் ஊரில் சாப்பிட்டாயிற்றா என்பதை அப்படித்தான் கேட்போம் என்றதும் சிரித்து, "சூப்பரா இருக்குக்கா. இங்க 'டிபன் ஆச்சா'ன்னு கேட்டு பசியையே மறந்துட்டோம்" என்றாள்.

நகரியத்தைப் பார்த்ததும் முதலில் தோன்றியது, யாரோ அளவுகோல் வைத்து வரைந்த ஊர் என்பதுதான். நேர்கோட்டில் தெரு, எண் போட்ட பிளாக்குகள், இருபுறமும் மரம். சைக்கிளில் போகும் பெரிய மனிதர்கள்கூட அவசரமில்லாமல் போகிறார்கள். ஈப்போவும் சுரங்கத்தால் பிழைத்த ஊர்தான், வெள்ளீயச் சுரங்கம். ஆனால் எங்கள் பக்கத்துக் குழிகளில் தண்ணீர் நிரம்பி, தாமரை பூத்து, இப்போது ஜோடிகள் படம் பிடித்துக்கொள்ள வருகிறார்கள். இங்கே சுரங்கம் இன்னும் வேலை செய்கிறது. ஊரே ஷிப்ட் நேரத்தில் எழுந்து ஷிப்ட் நேரத்தில் படுக்கிறது. கலைமதியின் அம்மா சாப்பாடு போடும்போது மணி சொல்லவில்லை. "ஃபர்ஸ்ட் ஷிப்ட் வுடறதுக்குள்ள சாப்ட்ருங்க" என்றார். வாழைப்பூப் பொரியல், மோர்க்குழம்பு, கடைசியில் தட்டு நிறையப் பலாச்சுளை. அன்று ராத்திரிச் சாப்பாடு எனக்கு வேண்டியிருக்கவில்லை.

புதுத் தலையைக் கலைமதி திருப்பித் திருப்பிப் பார்த்தாள். பழையதைவிட முகம் கொஞ்சம் நீளம். "மாறிப்போச்சே, பரவாயில்லையா?" என்று கேட்டேன்.

"ஏழு வருஷம் கான்ட்ராக்ட்ல வேலை பாத்தா மூஞ்சி மாறத்தானேக்கா செய்யும்" என்றாள்.

சனிக்கிழமை காலை பதினொரு மணிக்கு நாயகன் வந்தார். குணசேகரன், நாற்பத்தைந்து வயது, பக்கத்துக் கிராமம். நிஜத்திலும் ஒப்பந்தத் தொழிலாளிதான். மதியம் இரண்டு மணி ஷிப்டுக்குப் போக வேண்டும், அதற்கு முன் தலையைப் போட்டுப் பார்த்துவிடலாம் என்று வந்திருந்தார். என்னைப் பார்த்ததும் கையைத் துடைத்துக்கொண்டு கும்பிட்டார். "கடல் தாண்டி எடுத்துகினு வந்திருக்கீங்களே" என்று நாலு முறையாவது சொல்லியிருப்பார்.

தலை உள்ளே போகச் சிரமப்பட்டது. கலைமதி மேலிருந்து அழுத்தினாள். 'டப்' என்று ஒரு சத்தம். பிரம்பு வளையம் தாடையைத் தாண்டிக் கழுத்தில் உட்கார்ந்தது. கண்ணாடியில் பார்த்துக் கையை ஆட்டினார். அருமையாக இருந்தது. நான் லிம்முக்கு அனுப்பப் படம்கூட எடுத்தேன்.

பிறகு கழற்றப் போனால் வரவில்லை.

இழுத்தோம். "காது, காது!" என்று உள்ளேயிருந்து சத்தம் வந்தது. பல் மருத்துவமனையில் கையுறை இறங்காவிட்டால் பவுடர் போடுவோம். பவுடர் டப்பாவைக் காலி செய்தேன். உள்ளே தும்மல் கேட்டதே தவிரத் தலை அசையவில்லை. கலைமதியின் அம்மா தேங்காயெண்ணெய் கொண்டுவந்தார். எண்ணெய் பட்டதும் ரப்பர் உப்பி இன்னும் இறுகியது.

"அளவு சரியாத்தானே அனுப்பினே?" என்று கலைமதியைக் கேட்டேன்.

அவள் நெற்றியில் அடித்துக்கொண்டாள். "அளவெடுத்தப்ப அண்ணன் திருப்பதியில மொட்டை போட்டுட்டு வந்திருந்தாருக்கா."

இப்போது தலை நிறைய முடி. அந்த ஒரு விரல் கனம்தான் வித்தியாசம்.

"வெட்டிடலாம்" என்று நான் கத்திரிக்கோலை எடுத்தேன். பச்சைத் தலை பலமாக ஆடியது. "வேணாங்க! நாளைக்கு ஷூட்டிங் இருக்குது. பாழாக்கக் கூடாது. ஜெசிந்தாக்கா வெட்டுனா திரும்பத் தைக்கிற மாதிரி வெட்டுவாங்க, அவங்ககிட்ட போவலாம்."

ஜெசிந்தா மந்தாரக்குப்பத்தில் தையல் கடை வைத்திருப்பவர். படத்தின் உடைகள் எல்லாம் அவர் தைத்தவைதான். அப்போது மணி பன்னிரண்டரை. ஸ்கூட்டரை எடுத்தால் பின்சக்கரம் தரையோடு ஒட்டிக் கிடந்தது. பஞ்சர். ஆட்டோ ஒன்றும் கண்ணில் படவில்லை. டவுன் பஸ்தான் வந்தது.

அந்தப் பயணத்தை நான் என் வாழ்நாளில் மறக்கமாட்டேன். குணசேகரனை நடுவில் விட்டு இருபுறமும் நானும் கலைமதியும் நின்றோம். பஸ்ஸில் இருந்த எல்லாத் தலைகளும் திரும்பின. பிறகு முன்னால் இருந்த ஒரு வயதான அம்மாள் எழுந்து, "ஒக்காருப்பா, என்னா ஆபரேசன் பண்ணாங்க?" என்றார், நிஜமான கரிசனத்தோடு.

"ஆபரேசன் இல்லீங்க, மாட்டிக்கிச்சு" என்றார் குணசேகரன் உள்ளேயிருந்து.

நடத்துநர் அவரை மேலும் கீழும் பார்த்தார். "எங்கேருந்து வர்றீங்க?"

"டவுன்ஷிப்புங்க."

"அது தெரியுது. அதுக்கு முன்னாடி?"

பஸ் முழுக்கச் சிரித்தது. நாலைந்து கைப்பேசிகள் உயர்ந்தன. வேலைச் சீருடையில் இருந்த ஒருவர் மட்டும் சிரிக்காமல், குணசேகரன் போட்டிருந்த வேலைச் சட்டையைப் பார்த்து, "ரெண்டு மணி ஷிப்டா? நேரமாவுதேப்பா" என்றார். அப்போதுதான் எனக்கு உறைத்தது. இவ்வளவு நேரம் நான் தலையைப் பற்றி மட்டுமே கவலைப்பட்டுக்கொண்டிருந்தேன்.

"லேட்டானா என்ன ஆகும்?" என்று கலைமதியிடம் மெதுவாகக் கேட்டேன்.

"கேட்ல விடமாட்டாங்க. போன வாரம் பொண்ணுக்குக் காய்ச்சல்னு ஒருநாள் போகலை. திரும்பத் திரும்ப நடந்தா கான்ட்ராக்டர் சூப்பர்வைசர் வேற ஆளைப் போட்டுடுவாரு."

மந்தாரக்குப்பம் நகரியத்துக்கு நேர் எதிர். அங்கே கோடு போட்டவர் இங்கே வரவேயில்லை. கடைமேல் கடை, பரோட்டாக் கல்லின் சத்தம், மாடியில் வாடகை அறைகள், ஒவ்வொரு பால்கனியிலும் ஒரே நிறத்தில் வேலைச் சட்டைகள் காய்கின்றன. எனக்கு இந்த ஊர்தான் சட்டென்று பிடித்தது. ஆனால் ரசிக்க நேரமில்லை. ஜெசிந்தாவின் கடை பூட்டியிருந்தது. கல்யாணப் பெண்ணுக்கு ரவிக்கை அளவு பார்க்க இரண்டு தெரு தள்ளிப் போயிருக்கிறார் என்றார் பக்கத்துக் கடைக்காரர். கலைமதி ஓடினாள். நானும் குணசேகரனும் மூடிய கடையின் முன்னால் நின்றோம். அவர் என் கைக்கடிகாரத்தைத் தொட்டு, "எவ்ளோங்க?" என்றார். ஒன்று நாற்பது.

"வெட்டிடட்டுமா?" என்றேன் மறுபடி.

"இன்னும் அஞ்சு நிமிசம் பாக்கலாங்க" என்றார். குரல் இறங்கியிருந்தது.

ஜெசிந்தா வந்தபோது ஒன்று ஐம்பது. கழுத்தில் அளவுநாடா தொங்க, வேகமாக வந்தவர் தலையைப் பார்த்து ஒரு கேள்விகூடக் கேட்கவில்லை. "குனி" என்றார். பின்மண்டையில் சுண்ணக்கட்டியால் ஒரு கோடு போட்டு, அந்தக் கோட்டின் மேலேயே வெட்டினார். வளையத்தை இடுக்கியால் ஒடித்தார். முகம் சிவந்து, முடியெல்லாம் பவுடரும் எண்ணெயுமாக வெளியே வந்த குணசேகரன் எங்களிடம் ஒரு வார்த்தை பேசாமல் ஓடி, ஷேர் ஆட்டோவில் தொற்றிக்கொண்டார்.

அவர் போய்ச் சேர்ந்தது இரண்டு இருபத்தைந்துக்கு. கேட்டில் விடவில்லை. "திங்கக்கிழமை வா, பாக்கலாம்" என்றாராம் சூப்பர்வைசர்.

மாலையில் அதைக் கேட்டதும் பரோட்டாத் தட்டைத் தள்ளி வைத்தேன். பொழுதுபோக்குக்குப் படம் பார்க்கிற ஒருத்தி, பொழுதுபோக்குக்கு ஒரு தலையைத் தூக்கிக்கொண்டு வந்து, ஒரு மனிதரின் பிழைப்பில் மண்ணைப் போட்டுவிட்டாளே என்றிருந்தது. சூப்பர்வைசரை நானே போய்ப் பார்க்கிறேன் என்றேன்.

"நீங்க போனா இன்னும் கெட்டுடும்க்கா" என்றாள் கலைமதி. அவளும் சாப்பிடவில்லை. "நாளைக்கு ஷூட்டிங்கை நிறுத்திடறேன்."

ஞாயிறு காலை குணசேகரனே கலைமதிக்குப் போன் செய்தார். "நிறுத்தாதீங்க. நேத்து போனது போனதுதான். இதயும் வுட்டுட்டா எனக்கு என்னா மிச்சம்?" என்றாராம்.

திங்கட்கிழமை என்ன ஆனது என்பதை இங்கேயே சொல்லிவிடுகிறேன். சூப்பர்வைசர் அவரை ஒரு மணிநேரம் வெளியே நிற்க வைத்துவிட்டு உள்ளே கூப்பிட்டிருக்கிறார். கைப்பேசியில் பஸ் காணொளியைக் காட்டி, "இது நீதானா?" என்று கேட்டிருக்கிறார். ஆமாம் என்றதும், "என் பொண்ணு ஒன்ன பாக்கணுங்கிறா" என்று சொல்லி வேலைக்கு அனுப்பிவிட்டார். சனிக்கிழமைக் கூலி போனது போனதுதான். ஆனால் ஞாயிற்றுக்கிழமை மாலை இது எதுவும் எங்களில் ஒருவருக்கும் தெரியாது. அவருக்கும் தெரியாது. அதை மனதில் வைத்துத்தான் மீதியைப் படிக்க வேண்டும்.

படப்பிடிப்பு மந்தாரக்குப்பத்துக்கு வெளியே, முந்திரித் தோப்பை ஒட்டிய ஒரு பொட்டலில். விண்கலம் அங்கே நின்றது: கறுப்புத் தண்ணீர்த்தொட்டி, மேலே கவிழ்த்த டிஷ் ஆண்டெனா, கதவுக்குப் பழைய குளிர்சாதனப் பெட்டியின் கதவு. உள்ளே முட்டைத் தட்டுகூட அப்படியே இருந்தது. காட்சி எளியது. அவன் தனியாக நடந்து வருகிறான், திரும்பிப் பார்க்கிறான், ஏறிப் போகிறான். தனியாக என்பதற்குக் காரணம் கலை அல்ல. கூட்டத்துக்கு ஆள் பிடிக்க வழியில்லை.

நான்கு மணிக்குப் பார்த்தால் ஆட்கள் வந்துகொண்டே இருக்கிறார்கள். பஸ் காணொளி முந்தின மாலையே பிளாக் பிளாக்காகச் சுற்றியிருக்கிறது. இரண்டு சக்கர வண்டிகளில் குடும்பம் குடும்பமாக, பூக்கூடையோடு, சுண்டல் தள்ளுவண்டியோடு. இருநூறு பேருக்குக் குறையாது. முதலில் கலைமதி பயந்தாள். பிறகு ஒலிபெருக்கி இல்லாமலே, வகுப்பில் பேசுவதுபோல, காட்சியை விளக்கினாள்.

முன்வரிசையில் நின்ற ஒரு பெரியவர் கையைத் தூக்கினார். சுரங்கத்தில் வேலைபார்த்து ஓய்வு பெற்றவர். "எல்லாம் சரிம்மா. இத்தினி வருசம் வேல பாத்தவன் இப்பிடியா சும்மா போவான்? செண்டாஃப் கெடயாதா? மால, சால்வ, வேன்ல வெச்சு வூடு வரைக்கும் கொண்டாந்து விடறது..."

"அவன் கான்ட்ராக்ட் அங்கிள். கான்ட்ராக்டுக்கு யாரு செண்டாஃப் குடுத்திருக்கா?"

கலைமதி சாதாரணமாகத்தான் சொன்னாள். ஆனால் அங்கே நின்ற ஆண்களில் பாதிப்பேர் ஒப்பந்தத் தொழிலாளர்கள் என்று பின்னால் தெரிந்துகொண்டேன். பெரியவர் தரையைப் பார்த்தார். பிறகு தோளிலிருந்த துண்டை எடுத்து உதறினார். "அப்ப நாம குடுப்போம்" என்றார்.

ஜெசிந்தா தலையின் பின்னால் பள்ளிப்பை ஜிப் ஒன்றை வைத்துத் தைத்திருந்தார். குணசேகரனுக்குப் போட்டு, ஜிப்பை இழுத்துவிட்டு, முதுகில் தட்டி அனுப்பினார். கேமரா ஓடியது. அவர் பொட்டலின் நடுவே நடந்துவந்தார். பெரியவர் துண்டைப் போர்த்தினார். பூக்காரப் பெண் கூடையிலிருந்த சாமந்தியை இரட்டைச் சரமாக்கிக் கழுத்தில் போட்டாள். எழுதிக் கொடுக்காத வசனங்கள் வந்து விழுந்தன.

"பி.எஃப். எழுதிக் குடுத்துட்டியா?"

"போனதும் போன் பண்ணு."

"அங்கயாவது பர்மனென்ட் ஆயிடுப்பா."

ஒருவர் பின் ஒருவராக வந்து கையுறை போட்ட அந்த மூன்று விரல் கையைப் பிடித்துக் குலுக்கினார்கள். நானும் வரிசையில் போனேன். என் முறை வந்தபோது சொல்ல நினைத்திருந்த மன்னிப்பு வாயில் வரவில்லை. கையை மட்டும் பிடித்தேன். பச்சைத் தலை குனிந்தது. தோள்கள் குலுங்கின. கலைமதி கேமராவை நிறுத்தவில்லை.

முடிந்ததும் ஜெசிந்தா ஜிப்பைத் திறந்தார். குணசேகரனுக்குக் கண்ணெல்லாம் சிவந்திருந்தது. அவர் சாமந்தி மாலையைக் கையில் பிடித்துப் பார்த்தபடி, "இது எனக்குப் போட்டதா, அதுக்குப் போட்டதாங்க?" என்று கேட்டார்.

"தலதான் அதோட தல. கழுத்து ஒன்னோடதுதானே" என்றார் ஜெசிந்தா.

கடைசியாக விண்கலம் கிளம்ப வேண்டும். அது எப்படிக் கிளம்பும் என்பதுதான் இரண்டு வருடமாக அவர்களைத் தூங்கவிடாத கேள்வி. கூட்டத்தைப் பார்த்ததும் கலைமதிக்கு யோசனை வந்துவிட்டது. கலத்தைக் காட்டவே வேண்டாம், பார்ப்பவர்களைக் காட்டினால் போதும். ஒரு நீண்ட மூங்கில் கழியின் நுனியில் சிவப்புத் துணி கட்டி, "இது மேல போகப் போக எல்லாரும் இதையே பாருங்க. கழி முடிஞ்ச பிறகும் நிறுத்தாதீங்க, அது போய்க்கிட்டே இருக்கு" என்றாள்.

வரிசை சரிசெய்துகொண்டிருந்தபோது குணசேகரன் வந்தார். முகம் கழுவித் தலை சீவியிருந்தார். "நானும் நிக்கட்டுமாம்மா?"

"நீங்கதானே அண்ணே உள்ள போறீங்க?"

"அவன் போறான். நான் இங்கதான இருக்கறன்?" கொஞ்சம் தயங்கி, "ரெண்டு வருசமா நடிக்கிறன், எம்பொண்ணு படத்துல எங்க நீன்னு கேக்குது" என்றார்.

கலைமதி அவரை முன்வரிசையில் என் பக்கத்தில் நிறுத்தினாள். கழி உயர்ந்தது. இருநூறு முகங்களும் உயர்ந்தன. சிவப்புத் துணி நின்ற இடத்தைத் தாண்டி, தூரத்து அனல்மின் நிலையப் புகைக்கூண்டுகளைத் தாண்டி, ஒன்றுமில்லாத வானத்துக்குள் பார்வை ஏறிக்கொண்டே போனது. பின்னால் ஒரு குழந்தை, "எங்கம்மா? எங்கம்மா?" என்றது. "அதோ" என்றாள் அதன் தாய்.

நான் ஓரக்கண்ணால் குணசேகரனைப் பார்த்தேன். யாரும் சொல்லாமலே வலது கையை மெல்லத் தூக்கி ஆட்டினார். அதைப் பார்த்து எல்லாக் கைகளும் எழுந்தன.

கலைமதி "கட்" என்று சொல்ல வெகுநேரம் எடுத்துக்கொண்டாள். அதற்குப் பிறகும் அவர் வானத்தை விட்டுக் கண்ணை எடுக்கவில்லை.

"அவன் போயிட்டாங்க" என்றார் என்னிடம், நிம்மதியாக.